பெயரற்ற போர்வீரன்

பள்ளி ஆண்டு விழா நாடகத்தில் அரிதாரம் பூசிக்கொண்ட சிறுவன் எளிதில் நிலைக்கண்ணாடியை விட்டு அகல மாட்டான். தலைமையாசிரியனாக இருந்த நாளில் அத்தகையோரை நான் அதட்டி மேடைக்கு அனுப்பியதுண்டு. கண்ணாடி முன் நிற்பது வீண்பெருமை என்பது அன்றைய என் எண்ணம். கிளாட் காஹூன் என்ற பிரெஞ்சு எழுத்தாளரின் வரலாற்றைப் படித்தபின் அவ்வெண்ணம் சற்றே தளர்ந்தது.

அவர் 1894-ஆம் ஆண்டில் நாந்த் நகரில் லூசி ஷ்வாப் என்ற பெயருடன் பிறந்தார். தந்தையார் யூத மரபினர். ஒரு நாளிதழை நடத்தியவர். இளமையிலேயே லூசி தமக்குப் புதுப்பெயர் சூட்டிக்கொண்டார். காஹூன் என்பது பாட்டியாரின் குடும்பப் பெயர். கிளாட் என்பதோ அந்நாட்டில் ஆணுக்கும் பெண்ணுக்கும் பொதுவானது. அதனால் பிற்காலத்தார் சிலர் அவரை ஆண் என்றே கருதிவிட்டனர்.

தலையை மழித்துக்கொண்டும், ஆணுடை தரித்தும், பளு தூக்கும் வீரராகவும், பொம்மையாகவும் அவர் புகைப்படக் கருவியின் முன் நின்றார். வாழ்நாள் தோழியான ஓவியர் மார்செல் மூர் இதில் உடனுழைத்தார். 1929-இல் பாரிஸ் நகரச் சிறு அரங்கொன்றில் நடித்தார். அடுத்த ஆண்டு, செல்லாத வாக்குமூலங்கள் என்று ஏறக்குறையப் பொருள்படும் தலைப்பில் ஒரு நூல் வெளியிட்டார். ஒரு முகமூடியைக் கழற்றினால் அடியில் உண்மை முகம் இருக்கும் என்று நாம் எளிதாக நம்புகிறோம். அவர் அவ்வாறு நம்பவில்லை. அந்நூல் எளிய வாசிப்புக்குரியதன்று என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

1937-இல் தோழியர் இருவரும் ஆங்கிலக் கால்வாயிலுள்ள ஜெர்சி தீவில் குடியேறினர். 1940 ஜூலையில் ஜெர்மன் படை அத்தீவைக் கைப்பற்றியது. அப்போது காஹூனுக்கு வயது நாற்பத்தைந்து, உடலும் வலுவுடையதன்று. வேடம் புனையும் கலை ஒன்றே கைவசம் இருந்தது. மூர் ஜெர்மன் மொழி அறிந்தவர். ஆகவே, போரில் சலிப்புற்ற ஒரு ஜெர்மானியச் சிப்பாய் தன் தோழர்களுக்கு எழுதுவதுபோல் துண்டுத்தாள்களைத் தட்டச்சு செய்து, "பெயரற்ற போர்வீரன்" என்று ஒப்பமிட்டனர். இலண்டன் வானொலியை மறைவாகக் கேட்டு, அச்செய்திகளையும் சேர்த்தனர். தாள்கள் சிப்பாய்களின் சட்டைப் பைகளிலும் ஊர்திகளிலும் சிகரெட்டுப் பெட்டிகளிலும் நுழைந்தன. படைக்குள்ளேயே துரோகி இருக்கிறான் என்ற ஐயம் மேலதிகாரிகளை வாட்டவேண்டும் என்பதே நோக்கம். அக்கம்பக்கத்தார் கண்டதோ கல்லறைத் தோட்டத்தை அடுத்த வீட்டில் அமைதியாக வாழ்ந்த இரு பெண்மணிகளைத்தான்.

1944 ஜூலையில் இருவரும் பிடிபட்டனர். நவம்பரில் மரண தண்டனை விதிக்கப்பட்டது. பின்னர் அது குறைக்கப்பட்டது. வீட்டைச் சோதனையிட்டவர்கள் அழித்த படங்கள் பல. 1945 மே மாதத்தில் தீவு விடுதலை பெற்றபோது இருவரும் வெளிவந்தனர். காஹூன் 1954-இல் மறைந்தார்; நெடுங்காலம் மறக்கப்பட்டுக் கிடந்தார். 1990-களிலிருந்தே உலகம் அவரைத் தேடிப் படித்தது.

விடுதலைக்குப்பின் எடுத்த படம் ஒன்று எஞ்சியிருக்கிறது. தலையில் துணி கட்டிய, வயது முதிர்ந்து தோன்றும் ஒரு பெண்மணி. அரிதாரம் இல்லை. அவருடைய பற்களுக்கிடையே ஜெர்மன் படையின் கழுகுச் சின்னம் கவ்வப்பட்டிருக்கிறது.