ராம்நாட்டில் பிறந்த சுதந்திரப் பாட்டு

சுதந்திர தினம் என்றால் டிவியில் கட்டாயம் ஒரு பழைய பாட்டு வரும். கறுப்பு வெள்ளையில் குமாரி கமலா ஆடுவார். பின்னணிக் குரல் டி.கே.பட்டம்மாள். எழுதியவர் பாரதியார் என்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும். சரி, மெட்டுப் போட்டது யார்? இந்தக் கேள்வியைக் கேட்டால் பெரும்பாலானோர் முழிப்பார்கள்.

அவர் பெயர் ஆர்.சுதர்சனம். படம் "நாம் இருவர்". 1947 ஜனவரியில், பொங்கல் சமயத்தில் வெளியானது. மாதத்தைக் கவனியுங்கள். ஆகஸ்ட் 15 வர இன்னும் ஏழு மாதம் இருக்கிறது! 1921லேயே மறைந்துவிட்ட பாரதி, வராத சுதந்திரத்தை வந்துவிட்டதாகவே வைத்து எழுதிய "சுதந்திரப் பள்ளு", வெள்ளைக்காரன் ஆட்சி நடக்கும்போதே தியேட்டர்களில் ஒலித்தது.

இதில் நம்ம ஊர் எங்கே வருகிறது என்கிறீர்களா? இந்தப் படம் எடுக்கப்பட்டது கோடம்பாக்கத்தில் அல்ல, காரைக்குடி பக்கம் தேவகோட்டை ரஸ்தாவில். அன்றைக்கு அது ராமநாதபுரம் மாவட்டம் (சிவகங்கை, விருதுநகர் எல்லாம் தனியாகப் பிரிந்தது 1985ல்தான்). போர்க்காலக் கட்டுப்பாடுகளால் சென்னையில் புது ஸ்டூடியோவுக்கு மின்சாரம் கிடைப்பது கஷ்டமாக இருந்தது. அதனால் ஏவி.மெய்யப்பன் தன் சொந்த ஊர்ப் பக்கமே வந்து, ஒரு நாடகக் கொட்டகையை வாடகைக்குப் பிடித்து, கீற்றுக் கொட்டகைகள் போட்டு ஸ்டூடியோ ஆக்கினார். சுதர்சனத்தின் பேர் சொல்லும் பாட்டுகள் அங்கிருந்துதான் வந்தன. அடுத்து 1948ல் "வேதாள உலகம்". அதிலும் பட்டம்மாள் பாரதியைப் பாடினார். அதே வருடம் ஸ்டூடியோ கோடம்பாக்கத்துக்கு இடம் மாறியது.

அப்போது பாரதி பாட்டை யார் வேண்டுமானாலும் சினிமாவில் வைத்துவிட முடியாது. இசைத்தட்டு உரிமை ஜெய்சிங்லால் மேத்தா என்ற வியாபாரியிடம் இருந்தது. அவரிடமிருந்து மெய்யப்பன் வாங்கினார். டி.கே.எஸ். சகோதரர்கள் தங்கள் "பில்ஹணன்" படத்தில் ஒரு பாரதி பாட்டைச் சேர்த்தபோது விவகாரம் கோர்ட் வரை போனது. பாரதி மக்கள் சொத்து என்று எழுத்தாளர்கள் குரல் கொடுத்தார்கள். மெய்யப்பன் பணம் எதுவும் வாங்காமல் உரிமையை விட்டுக்கொடுக்க, 1949ல் சென்னை மாகாண அரசு பாரதியின் எழுத்துகளை ஏற்றுக்கொண்டது. எழுத்தாளர் ஒருவரின் படைப்புகளை அரசு இப்படி நாட்டுடைமை ஆக்கியது அதுதான் முதல் தடவை.

இந்த வழக்கு வரலாற்றைப் படித்தபோது எனக்கு ஒன்று உறைத்தது. பாட்டு யாருக்குச் சொந்தம் என்று இவ்வளவு சண்டை நடந்திருக்கிறது. கவிஞர் பெயர் வருகிறது, வியாபாரி பெயர் வருகிறது, முதலாளி பெயர் வருகிறது. புத்தகத்தில் இருந்த வரியை ஊரெல்லாம் முணுமுணுக்க வைத்த இசையமைப்பாளர் பெயர் மட்டும் எங்கேயும் அடிபடவில்லை.

இத்தனைக்கும் சுதர்சனம் சின்ன ஆள் இல்லை. ஏவி.எம்.மின் ஆஸ்தான இசையமைப்பாளர். 1949ல் வைஜயந்திமாலா அறிமுகமான "வாழ்க்கை", 1952ல் சிவாஜியின் முதல் படமான "பராசக்தி", 1954ல் ராஜ்குமாரைக் கன்னடத்தில் நாயகனாக்கிய "பேடர கண்ணப்பா", 1960ல் கமல் குழந்தையாக நடித்த "களத்தூர் கண்ணம்மா"... எல்லாவற்றுக்கும் இசை அவர்தான். ஐந்து பேரின் முதல் படியில் அவர் இசை இருக்கிறது. ஐந்தாவது யார்? "நாம் இருவர்" படத்தில் காந்தியைப் பற்றிய பாட்டைப் பாடிய எம்.எஸ்.ராஜேஸ்வரி. பதின்மூன்று வருடம் கழித்துக் குட்டிக் கமலுக்கும் அவரே குரல் கொடுத்தார். "பட்டணத்தில் பூதம்" படத்துக்கு இசையமைத்த ஆர்.கோவர்த்தனம், சுதர்சனத்தின் தம்பி. சுதர்சனம் 1991ல் காலமானார்.

ராமேஸ்வரம், மண்டபம் பக்கம் அந்தக் காலத்தில் சென்னை வானொலியை விட இலங்கை வானொலிதான் தெளிவாகக் கேட்கும் என்று பெரியவர்கள் சொல்வார்கள். அதில் பாட்டுக்கு முன்னால் படம், பாடியவர், எழுதியவர், இசையமைத்தவர் என்று எல்லாப் பெயரையும் சொல்வார்களாம். நல்ல பழக்கம்!

அடுத்த ஆகஸ்ட் 15ல் அந்தப் பாட்டு வரும்போது, பக்கத்தில் இருப்பவரிடம் ஒரு வார்த்தை சொல்லுங்கள்: இசை, ஆர்.சுதர்சனம். பதிவான இடம், பழைய ராம்நாட் ஜில்லா.