ஹாட் ஸ்பிரிங்ஸ்: திரும்பி வராத ரோந்து

அக்டோபர் 21 காவலர் வீரவணக்க நாள்னு செய்தியில பார்த்திருப்பீங்க. ஏன் அந்தத் தேதி?

1959-ல் நம்ம திபெத் எல்லையைக் காத்தது ராணுவம் இல்லை, போலீஸ். அக்டோபர் 20 அன்று லடாக்கின் ஹாட் ஸ்பிரிங்ஸிலிருந்து மூணு ரோந்துக் குழுக்கள் கிளம்பின. பிற்பகலுக்குள் ரெண்டு குழு திரும்பிடுச்சு. ரெண்டு கான்ஸ்டபிளும் ஒரு சுமைதூக்கியும் போன மூணாவது குழு மட்டும் வரலை.

எனக்கு அந்த இரவுதான் முக்கியமாப் படுது. வழி தவறிட்டாங்களா, பிடிபட்டாங்களா? முகாமில் யாருக்கும் தெரியாது.

மறுநாள் கரம் சிங் தலைமையில் சுமார் 20 பேர் போனாங்க. சண்டைக்கு இல்லை, சகாக்களைத் தேடி. குன்றின் மேலிருந்த சீனப் படையின் தாக்குதலில் 10 பேர் இறந்தாங்க. உடல்கள் நவம்பர் 13 அன்றுதான் திரும்பி வந்தன. பிறகு அந்த எல்லை ராணுவத்தின் பொறுப்புக்குப் போச்சு. இன்னைக்குப் பணியில் உயிரிழக்கிற எல்லாப் போலீஸுக்குமான நினைவு நாளா அது நிக்குது.