ஈஸ்டேல்: கூரைக்கல் தந்த தீவு

ஸ்காட்லாந்தின் மேற்குக் கடலோரத்தில் உள்ள ஈஸ்டேல், சிறிது நேரத்தில் நடந்தே சுற்றிவரக்கூடிய தீவாயினும், அதன் பாறையின் வரலாறு ஏறத்தாழ 60 கோடி ஆண்டுகளுக்கு முன் கடலடியில் படிந்த நுண்சேற்றிலிருந்து தொடங்குகிறது. அச்சேறு இறுகிப் படிவுப் பாறையாகி, சுமார் 47 கோடி ஆண்டுகளுக்கு முன் நிகழ்ந்த மலையாக்கத்தின் அழுத்தத்தாலும் வெப்பத்தாலும் உருமாறிச் சிலேட்டுக்கல் ஆயிற்று. அவ்வழுத்தத்தில் தகடு போன்ற கனிமங்கள் ஒரே திசையில் அணிவகுத்துவிட்டமையால், பழைய படிவு அடுக்குகள் எவ்வாறு சாய்ந்திருப்பினும், கல் அத்திசையிலேயே மெல்லிய பலகைகளாகப் பிளக்கும். இவ்வாறு பிளக்கும் தளத்தையே புவியியலார் பிளவுத்தளம் என்பர். தீவின் தொழிலும் வாழ்வும் இந்த ஓர் இயல்பையே நம்பியிருந்தன.

1745இல் பிரெடல்பேன் பிரபு பங்குதாரர்களுடன் கம்பெனி அமைத்தபின் கூரைக்கல் வெட்டுதல் பெருந்தொழிலாக வளர்ந்து, பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆண்டுக்குப் பல இலட்சம் கற்கள் கப்பலேறின. கரையோரக் கல் தீர்ந்ததும் கடல்மட்டத்துக்கு வெகு கீழே குழிகளைத் தோண்டி, ஊறும் நீரைப் பொறிகளால் இறைத்து வேலை செய்தனர். கடலை ஒட்டி இவ்வளவு ஆழம் தோண்டியது துணிச்சல் என்பதைவிட அசட்டுத் துணிச்சல் என்பதே பொருந்தும். 1881 நவம்பர் புயலில் கடல் உட்புகுந்து குழிகளை நிரப்பியது. அதன்பின் அத்தொழில் பழைய நிலைக்கு மீளவே இல்லை.