ஓரங்கல் வீழ்ச்சி: மதிலும் செய்தியும் தானியமும்

ஐதராபாத் நகருக்கு வடமேற்கே, பீதர் செல்லும் வழியில் அமைந்துள்ள பட்டான்செரு, கல்யாணிச் சாளுக்கியர் காலத்தில் பொட்டலகெரெ என்னும் பெயரால் வழங்கிய ஊர் என்பர். இரண்டாம் ஜயசிம்மனின் படைவீடுகளுள் ஒன்றாக அது விளங்கியது. பழம்பெயரின் ஈற்றிலுள்ள 'கெரெ' என்னும் கன்னடச் சொல்லும் இன்றைய பெயரின் ஈற்றிலுள்ள 'செரு' (செருவு) என்னும் தெலுங்குச் சொல்லும் ஏரியையே குறிப்பன. தமிழில் அணைக்கு வழங்கும் 'சிறை' என்பதும் இவற்றோடு உறவுடையதாகும். ஏரியின் பெயரைத் தாங்கிய ஊர்கள் தெலங்கானத்தில் மலிந்து கிடப்பதற்குக் காரணம் வெளிப்படை. மழை குறைந்த அப்பீடபூமியில் ஏரி நீரைக்கொண்டே நெல் விளைந்தது. காகதியரும் அவர்தம் படைத்தலைவர்களும் ஏரி வெட்டுவதைக் கோயில் எடுப்பதற்கு இணையான அறமாகக் கருதினர். ரேச்சர்ல ருத்திரன் கி.பி. 1213இல் எடுப்பித்த ராமப்பா கோயிலும் அதனை அடுத்த பேரேரியும் இதற்குச் சான்றாவன. இவ்வேரிகளின் விளைச்சலே ஓருகல்லு என்னும் ஓரங்கல் (இன்றைய வாரங்கல்) தலைநகரின் களஞ்சியங்களை நிரப்பிற்று. அக்களஞ்சியங்களின் நிலையை விடுத்து, மதிலின் வலிமையை மட்டும் கொண்டு கி.பி. 1323இல் நிகழ்ந்த அந்நகரின் வீழ்ச்சியை விளக்க முற்பட்டோர் பலர். அவ்விளக்கம் பொருந்துவதாயில்லை.

ஓரங்கல்லின் அரண்

அனுமகொண்டாவிலிருந்து ஓரங்கல்லுக்குத் தலைநகரை மாற்றியவர் காகதியர்களே. கணபதிதேவன் (1199–1262) தொடங்கிய கல்மதிலை அவன் மகள் ருத்திரமாதேவி உயர்த்தி முற்றுவித்தாள். ஏறத்தாழ 1.2 கிலோமீட்டர் விட்டமுடைய வட்டமாக அமைந்த இம்மதிலில் 45 கொத்தளங்களும் நான்கு திசைகளிலும் நான்கு வாயில்களும் உள்ளன. வாயில்கள் நேர்வழியாக அமையாமல், உட்புகுவோர் வலமும் இடமும் திரும்பியே செல்லுமாறு வளைத்துக் கட்டப்பட்டுள்ளன. யானையைக்கொண்டு கதவை மோதுவதற்கு வேண்டிய ஓட்டம் பகைவருக்குக் கிடைக்காது. கல்மதிலைச் சூழ அகழியும், அதற்கு அப்பால் ஏறத்தாழ 2.4 கிலோமீட்டர் விட்டமுடைய மண்மதிலும், மீண்டும் ஓர் அகழியும் இருந்தன. கொத்தளங்களைக் காக்கும் பொறுப்பு நாயக்கர்களுக்குத் தனித்தனியே பகிர்ந்தளிக்கப்பட்டிருந்ததாகப் பிற்காலத் தெலுங்கு மரபு கூறும்.

மண்மதில் என்றவுடன் அதனை எளிதாக எண்ணுதல் தவறு. 1310இல் மாலிக் காபூர் இந்நகரை முற்றியபோது, கல்லெறி பொறிகளின் கற்கள் இம்மண்மதிலைத் தகர்க்க இயலாமல் தெறித்து மீண்டன என்னும் பொருள்பட அமீர் குஸ்ரு எழுதியுள்ளார். குஸ்ரு அரசவைப் புலவர். பகைவரின் அரணைப் புகழ்வது அதனை வென்ற தம் அரசரைப் புகழ்வதாகும். ஆயினும் கல் உடையும், மண் உள்வாங்கும் என்பது அரண் கட்டியோர் நன்கறிந்த செய்தியே. அவ்வாண்டு மண்மதில் தில்லிப் படையின் கைப்பட்டது. கல்மதில் கைப்படவில்லை. பிரதாபருத்திரன் யானைகளையும் குதிரைகளையும் பொருளையும் திறையாக அளித்து உடன்பாடு செய்துகொண்டான்.

திறையிலிருந்து இணைப்புக்கு

அலாவுதீன் கில்ஜியின் கொள்கை தெற்கின் அரசுகளைத் திறை செலுத்தச் செய்வதேயன்றி நேரே ஆள்வதன்று. அதனாலேயே காகதிய அரசு 1310க்குப் பின்னும் நிலைத்தது. நிலைத்ததோடன்றி வளரவும் செய்தது. காகதியப் படைத்தலைவன் முப்பிடி நாயக்கன் 1316இல் காஞ்சியைக் கைப்பற்றி, மானவீரன் என்பானை அங்கு ஆட்சியில் அமர்த்தினான். தில்லிக்குத் திறை செலுத்திய அரசனே தொண்டைமண்டலத்தில் வெற்றி வேந்தனாகத் தோன்றியது அக்காலத்திற்கு முரணன்று. 1318இல் குஸ்ரு கான் தலைமையில் வந்த படை தவறிய திறையை மீண்டும் பெற்றுச் சென்றது.

1320இல் நிலைமை மாறியது. கில்ஜி மரபு வீழ்ந்து, கியாசுதீன் துக்ளக் தில்லியில் அரியணை ஏறினார். ஆட்சி மாற்றத்தின் குழப்பத்தைப் பயன்படுத்திப் பிரதாபருத்திரன் திறையை நிறுத்தினான். 1321இல் கியாசுதீன் தம் மூத்த மகனும் பட்டத்து இளவரசருமாகிய உலூக் கானைப் பெரும்படையுடன் அனுப்பினார். இவரே 1325இல் முகம்மது பின் துக்ளக் என்னும் பெயரில் சுல்தானாக முடிசூடியவர். முற்றுகை நெருக்கியபோது பிரதாபருத்திரன் முன்போலவே பொருள் தர முன்வந்தான். உலூக் கான் மறுத்துவிட்டார். இளவரசருக்கு வேண்டியிருந்தது பொருளன்று, கோட்டையே.

முதல் முற்றுகை: செய்தி அறுந்தமை

வென்றுவிடும் நிலையிலிருந்த இம்முற்றுகை, மதிலுக்குத் தொடர்பில்லாத ஒரு காரணத்தால் முறிந்தது. தில்லிக்கும் பாசறைக்கும் இடையே வாரந்தோறும் அஞ்சல் வந்துகொண்டிருந்தது. வழியிலிருந்த அஞ்சல் நிலைகள் சிதைந்தமையால் ஒரு மாத அளவிற்குச் செய்தியே வரவில்லை. அந்நிலையில், சுல்தான் இறந்துவிட்டார், தில்லியில் வேறொருவர் அரியணை ஏறிவிட்டார் என்னும் வதந்தி பரவியது. படைத்தலைவர்கள் சிலர் தம் படைகளுடன் இரவோடிரவாகப் பிரிந்து சென்றனர். காகதிய வீரர் வெளிப்போந்து தாக்க, உலூக் கான் தேவகிரிக்குப் பின்வாங்க நேர்ந்தது.

வதந்தியைப் பரப்பியவன் உபைது என்பதில் மூல நூல்கள் ஒத்துரைக்கின்றன. ஏன் பரப்பினான் என்பதில் அவை வேறுபடுகின்றன, இவ்வேறுபாடு ஆராயத்தக்கது. பரனி, உபைதை இளவரசரைச் சார்ந்திருந்த விஷமியாகக் காட்டி, இளவரசர் மீது குற்றம் படாமல் எழுதுகின்றார். இசாமியின் கூற்றில் உபைது ஒரு கணியன். கோட்டை விழும் நாளைக் குறித்துக் கொடுத்துவிட்டு, அந்நாள் நெருங்கியும் கோட்டை விழாமை கண்டு, உயிருக்கு அஞ்சி வதந்தியைக் கிளப்பினான். இப்னு பதூதாவோ, தந்தைக்கு எதிராக இளவரசரே செய்த சூழ்ச்சி என்கின்றார். பரனி முகம்மது பின் துக்ளக்கின் அவையில் பதினேழு ஆண்டுகள் இருந்தவர். இசாமியின் முதிய பாட்டனார், 1327இல் தில்லி மக்கள் தௌலதாபாத்துக்குக் குடிபெயர்க்கப்பட்டபோது வழியில் இறந்தார். அச்சினம் இசாமியின் நூல் முழுவதும் ஓடுகின்றது. அவ்வளவு பகைமை கொண்டிருந்தும், இளவரசர் தந்தைக்கு எதிராகச் சூழ்ந்தார் என்னும் பழியை அவர் சுமத்தவில்லை என்பது எண்ணத்தக்கது. இப்னு பதூதா 1333இல் இந்தியாவுக்கு வந்தவர், கேட்டதை எழுதியவர். தோற்றுத் திரும்பிய அவ்விளவரசரிடமே தந்தை மீண்டும் படையை ஒப்படைத்தார் என்பதையும் சேர்த்து நோக்கின், இப்னு பதூதாவின் கூற்று வலுவிழக்கின்றது.

இரண்டாம் முற்றுகை: களஞ்சியம் வெறுமையானமை

பகைவர் ஓடிவிட்டனர், இனி மீளார் எனப் பிரதாபருத்திரன் நம்பினான். இசாமி வாயிலாக அறியப்படும் செய்தி இங்கு இன்றியமையாதது. வெற்றியைக் கொண்டாடப் பெருவிருந்து நடந்தது. முற்றுகைக்கெனச் சேமித்திருந்த தானியம் வெளியேற்றப்பட்டது. உழவர் தத்தம் நிலங்களுக்குத் திரும்பினர். அரணுக்கு இலக்கணம் கூறும் திருக்குறள், பகைவர் கொள்ளுதற்கு அரிதாதலை அடுத்து உணவு நிறைவையே வைக்கின்றது. ஓரங்கல்லுக்கு முதலாவது இருந்தது. இரண்டாவது அந்த ஓராண்டில் இல்லாமற் போயிற்று.

தேவகிரியில் தங்கியிருந்த உலூக் கானுக்குத் தில்லியிலிருந்து துணைப்படை வந்து சேர்ந்தது. இம்முறை அவர் நேரே ஓரங்கல்லுக்கு விரையவில்லை. பீதரையும் போதனையும் கைப்பற்றி, தேவகிரி வரையிலான வழியில் காவல் அமைத்தார். முதல் முற்றுகையைக் கெடுத்தது அறுந்த வழி என்பதை உணர்ந்தே அவர் இவ்வாறு செய்திருத்தல் வேண்டும். பீதருக்கும் ஓரங்கல்லுக்கும் இடைப்பட்ட, பட்டான்செருவை உள்ளிட்ட மேற்குத் தெலங்கானம் இதனால் தலைநகருக்கு உதவாத நிலமாயிற்று. 1323இல் ஐந்து மாத முற்றுகைக்குப் பின் நகரம் பணிந்தது. பசித்த நகரம் பணிந்ததே தவிர, மதில் பிளந்து வீழவில்லை. அம்மதிலின் பெரும்பகுதி இன்றும் நிற்பதே இதற்குச் சான்று.

தொல்காப்பியர் மதிலை வளைத்தலையும் காத்தலையும் உழிஞை என்னும் ஒரே திணையில் அடக்கினார். பின்வந்த புறப்பொருள் வெண்பாமாலையே காத்தலை நொச்சி எனத் தனியே பிரித்தது. ஓரங்கல் நிகழ்ச்சியை நோக்குமிடத்துத் தொல்காப்பியர் வகுப்பே பொருத்தமெனத் தோன்றுகின்றது. வளைத்தோரின் குறையும் காத்தோரின் குறையும் ஒன்றே: அவர்களுக்குச் செய்தி நின்றது, இவர்களுக்குத் தானியம் நின்றது.

இதனோடு ஒப்பிடத்தக்க நிகழ்ச்சி 130 ஆண்டுகட்குப் பின் மேற்கே நிகழ்ந்தது. 21 வயதே நிரம்பிய உதுமானிய சுல்தான் இரண்டாம் மெகமது, 1453 ஏப்ரல் 6 முதல் மே 29 வரை 53 நாள் முற்றி, கான்ஸ்டான்டிநோபிளைக் கைப்பற்றினார். அந்நகரின் மூவடுக்கு அரணைத் தகர்த்த பெரும் பீரங்கிகளே எங்கும் பேசப்படுகின்றன. ஓரங்கல் முன் அத்தகைய பீரங்கி இல்லை. எனினும் மெகமது முதலில் செய்தது பீரங்கி வார்த்ததன்று. 1452இல் பாஸ்பரஸ் நீரிணையின் கரையில் ருமேலி கோட்டையைக் கட்டி, கருங்கடலிலிருந்து நகருக்கு வரும் கப்பல்களைத் தடுத்ததாகும். அவருடைய தந்தை இரண்டாம் முராத் 1422இல் முற்றித் தோற்ற நகரம் அது. இரு வெற்றிகளும் முந்தைய தோல்வியிலிருந்து பாடம் கற்றவர்களின் வெற்றிகள். இருவரும் நகரை விட்டு வழியைப் பற்றினர். பட்டான்செருவுக்கு மிக அண்மையிலுள்ள கோல்கொண்டா 1687இல் அவுரங்கசீப்பிடம் வீழ்ந்ததும் எட்டு மாத முற்றுகைக்குப் பின், உள்ளிருந்தோர் கதவைத் திறந்துவிட்டமையாலேயே.

வீழ்ச்சிக்குப் பின்

பிரதாபருத்திரனைக் காவலுடன் தில்லிக்கு அனுப்பினர். அவன் தில்லி சேரவில்லை. வழியில் இறந்தான் எனப் பாரசீக நூலாசிரியர் அபீப் சுருக்கமாகக் கூறுவர். புரோலய நாயக்கனின் விலாசச் செப்பேடு சோமோத்பவை, அதாவது நருமதை ஆற்றங்கரையில் அவன் உயிர்நீத்தான் என்கின்றது. நூறாண்டு கழித்து, 1423இல் எழுந்த கலுவசேருச் செப்பேடு, அவன் தன் விருப்பத்தாலேயே விண்ணுலகு புக்கான் என்று கூறும். இம்மூன்றையும் இணைத்து, சிறைப்பட்ட மன்னன் தானே உயிர் துறந்தான் எனக் கொள்வோர் உளர். பொருந்தக்கூடியதே, எனினும் நூறாண்டு இடைவெளியில் எழுந்த ஒரு புகழ்மொழியின் மேல் இம்முடிவு பெரிதும் தங்கியுள்ளது என்பதை மறத்தலாகாது.

வீழ்ச்சியின் அலைகள் விரைந்து பரவின. 1324இல் ராஜமகேந்திரியில் உலூக் கானின் பெயரைத் தாங்கிய கல்வெட்டுடன் பள்ளிவாசல் எழுந்தது. தில்லிப் படை தெற்கே மாபார் வரை சென்று மதுரையைக் கைக்கொண்டது. அவ்வேளையில் திருவரங்கத்து உற்சவர் திருமேனி ஊர்விட்டு ஊர் கொண்டுசெல்லப்பட்ட நிகழ்ச்சியைக் கோயிலொழுகு விரிவாகக் கூறும். 1371இல்தான் அது மீண்டும் அரங்கம் சேர்ந்தது. ஓரங்கல்லின் களஞ்சியம் நிறைந்திருந்தால் தமிழகத்தின் அந்த அரை நூற்றாண்டு வேறாகியிருக்குமோ என வினவுதல் வரலாற்றாசிரியனின் எல்லையைக் கடந்ததாகும்.

கோட்டையின் நடுவிலிருந்த சுயம்பு சிவன் கோயில் இடிக்கப்பட்டது. அதன் நான்கு தோரணங்கள் மட்டும் விடப்பட்டன. அருகே துக்ளக் பாணியில் குஷ் மகால் என்னும் அவை மண்டபம் எழுந்தது. தோரணங்களுள் ஒன்றின் வடிவம் 2014இல் தெலங்கானா மாநில அரசு ஏற்ற முத்திரையில் இடம்பெற்றது. வெற்றியாளர் நகருக்கு இட்ட சுல்தான்பூர் என்னும் பெயர் அவர்தம் நாணயங்களிலும் ஏற்றம் பெற்றது. 1336ஆம் ஆண்டளவில் முசுனூரி காபய நாயக்கன் தில்லியின் ஆளுநரை விரட்டி நகரை மீட்டான். அதன்பின் அப்பெயரை ஊரார் எவரும் வழங்கவில்லை.