குரோஷ்ன்யான்: காலி வீடுகளின் சரித்திரம்

கலைஞர்களுக்கென்றே ஓர் ஊர் இருக்கிறது என்று கேள்விப்பட்டால் நம்மைப் போன்றவர்களுக்கு உடனே ஒரு பொறாமை எழுகிறது. குரோஷியாவில், இஸ்த்ரியா தீபகற்பத்தின் வடமேற்கில், குன்றின் மேலிருக்கும் குரோஷ்ன்யான் அத்தகைய ஊர். ஜனங்கள் கைவிட்டுப் போன பழைய ஊர் அது; 1965இல் அதை ஓவியர்களிடமும் சிற்பிகளிடமும் ஒப்படைத்தார்கள்; அவர்கள் இடிந்த வீடுகளைச் செப்பனிட்டு, தங்கள் பட்டறைகளாக்கி, அதற்கு உயிர் கொடுத்தார்கள்; 1969இல் சர்வதேச இளைஞர் இசை இயக்கமும் அங்கே தன் கோடைப் பயிற்சி மையத்தை அமைத்தது. கதை இப்படித்தான் சொல்லப்படுகிறது. பொய் இல்லை. ஆனால் கதையின் தொடக்கத்திலேயே 'கைவிட்டுப் போன' என்று ஒரு சொல் வருகிறது. எல்லோரும் அதைத் தாண்டிக் கலைக்குப் போய்விடுகிறார்கள். எனக்குத் தாண்ட முடியவில்லை.

முதலில் இடம். கடல்மட்டத்திலிருந்து 200 மீட்டருக்குச் சற்று மேல், சுண்ணாம்புப் பாறைக் குன்று. கீழே ஓர் ஆறு. ஸ்லாவியர்கள் அதை மிர்னா என்பார்கள், இத்தாலியர்கள் குவியேத்தோ என்பார்கள். இரண்டுக்குமே அமைதியானது என்றுதான் அர்த்தம். இந்தப் பிரதேசத்தில் இரு மொழிகளும் சண்டையின்றி ஒத்துக்கொண்ட விஷயம் இது ஒன்றாவது இருக்கிறது. பள்ளத்தாக்கு ஈர மண். எதிரே தெற்கில் மோதோவுன் குன்று, அதன் அடிவாரத்துக் காட்டில் மண்ணுக்கடியில் விளையும் விலையுயர்ந்த காளான். சரிவுகளில் திராட்சையும் ஆலிவும். மேற்கே, வானம் தெளிவாக இருந்தால், ஏட்ரியாடிக் கடல் ஒரு கோடாகத் தெரியும். பாறை மேல் தண்ணீர் நிற்காது. விளைவதெல்லாம் கீழே, வாழ்வது மேலே: இஸ்த்ரியாவின் குன்று ஊர்கள் எல்லாவற்றுக்கும் உள்ள ஏற்பாடு. பயம் கற்றுக்கொடுத்த ஏற்பாடு என்றும் சொல்லலாம்.

1102ஆம் ஆண்டின் தானப் பத்திரம் ஒன்றில் ஊரின் பெயர் வருகிறது. அக்விலேயாவின் திருச்சபைத் தலைவருக்கு ஒரு பிரபு கொடுத்த கோட்டைகளில் ஒன்றாக. 1358இல் வெனிஸ் குடியரசு ஊரை விலைக்கு வாங்கியது. தானமாகவும் கிரயமாகவும் கைமாறும்போது ஊருக்குள் இருந்தவர்களைக் கேட்கும் வழக்கம் எங்கும் இருந்ததில்லை. 1797இல் வெனிஸ் வீழும்வரை, நான்கு நூற்றாண்டுகளுக்கு மேல், அதன் ஆட்சி. மதில், வாசல், வழக்கு விசாரணைக்கான தூண் மண்டபம், தானியக் கிடங்கு - இன்று பயணிகள் படம் எடுக்கும் எல்லாம் அக்காலத்தவை. ஆனால் அக்காலத்திலேயே இஸ்த்ரியா ஒருமுறை காலியாகிவிட்டது. 1630களின் தொடக்கத்தில் வந்த கொள்ளைநோய் ஊர் ஊராகத் துடைத்துச் சென்றது. துருக்கியருக்குத் தப்பி டால்மேஷியாவிலிருந்தும் அதற்கு உள்ளேயிருந்தும் வந்த ஸ்லாவியக் குடியானவர்களை வெனிஸ் கூட்டிவந்து தரிசு நிலங்களில் அமர்த்தியது. ஆக இந்த நாட்டுக்குக் காலியாவதும் நிரம்புவதும் புதிதல்ல. கோட்டைக்குள் இத்தாலியம், வெளியே கிராமங்களில் இரண்டும் கலந்து - இப்படி ஒரு படிமானம் உண்டாயிற்று. யார் எந்த இனம் என்று துல்லியமாகப் பிரித்துக் கேட்கும் பழக்கம் பின்னால் வந்தது. ஜனத்தொகைக் கணக்கு எடுப்பவர்களோடு வந்தது என்று எனக்குத் தோன்றுகிறது.

ஆஸ்திரியர் காலத்தில், 1902இல், த்ரியெஸ்தே நகரையும் போரெச் துறைமுகத்தையும் இணைத்து ஒரு குறுகிய ரயில் பாதை போட்டார்கள். 123 கிலோமீட்டர். குன்றுகளைச் சுற்றிச் சுற்றி ஊர்ந்து, குரோஷ்ன்யானுக்கு அருகே ஒரு சுரங்கத்தில் நுழைந்து வெளியே வரும். திராட்சையும் எண்ணெயும் த்ரியெஸ்தே சந்தைக்குப் போயின. அந்த ஊருக்கு உலகம் என்பது த்ரியெஸ்தேதான். 1935இல் இத்தாலிய அரசு பாதையை மூடியது. இப்போது அதில் சைக்கிள் விடுகிறார்கள்.

வங்கியில் குமாஸ்தாவாக இருப்பவனுக்கு இருபதாம் நூற்றாண்டு சரித்திரத்தை நாணயங்களாகப் படிப்பதுதான் சுலபம். 1910இல் குரோஷ்ன்யானில் பிறந்து, ஊரைவிட்டு நகராமல், 1995 வரை இருந்த ஒரு கிழவியைக் கற்பனை செய்துகொள்வோம். சிறுமியாக ஆஸ்திரிய க்ரோன், 1918க்குப் பின் இத்தாலிய லிரா, 1945இல் யூகோஸ்லாவிய ராணுவ நிர்வாகத்தின் கீழ், இந்தப் பிரதேசத்துக்கென்றே அச்சிட்ட யூகோலிரா, 1949இலிருந்து தினார், 1991இல் குரோஷிய தினார், 1994இல் கூனா. ஆறு நாணயங்கள். ஒவ்வொரு மாற்றத்திலும் சேமித்தது கொஞ்சம் கரைந்திருக்கும். 2023இல் வந்த யூரோவை அவள் பார்த்திருக்க மாட்டாள்.

நாணயம் போலப் பெயரையும் மாற்றினார்கள். 1920களில் பாசிஸ்டுகள் ஸ்லாவிய மொழிப் பள்ளிகளை மூடினார்கள். 1927இலிருந்து ஸ்லாவியக் குடும்பப் பெயர்களை இத்தாலியமாகத் திருத்தி எழுதும் சட்டமும் இங்கே வந்தது. இதைச் சொல்லாமல் பின்னால் நடந்ததைச் சொல்வது நேர்மையாகாது. பின்னால் நடந்ததற்கு இது நியாயமாகிவிடும் என்றும் நான் சொல்லவில்லை. 1943இலும் 1945இலும் பழிதீர்ப்புகள். சுண்ணாம்புப் பாறைப் பிளவுகளுக்குள் வீசப்பட்ட உடல்கள். 1947இல் த்ரியெஸ்தேயைச் சுற்றி ஒரு சுதந்திரப் பிரதேசத்தைக் காகிதத்தில் உண்டாக்கினார்கள். குரோஷ்ன்யான் அதன் 'பி' மண்டலத்தில் விழுந்தது. யூகோஸ்லாவிய ராணுவத்தின் கையில். த்ரியெஸ்தே 'ஏ' மண்டலம். ஆங்கிலேயர், அமெரிக்கர் கையில். திராட்சை விற்ற சந்தை எல்லைக்கு அப்பால் போய்விட்டது. 1954 அக்டோபரில் லண்டனில் கையெழுத்தான உடன்படிக்கை இந்தக் கோட்டை ஏறத்தாழ அப்படியே நிலைப்படுத்தியது. இனி இத்தாலி வராது என்று தெரிந்தவுடன் குரோஷ்ன்யான் கட்டில், பீரோ, மணமேசை சகிதம் லாரி ஏறியது. போருக்குப் பின் இஸ்த்ரியாவையும் அதையொட்டிய கரையையும் விட்டுப் போனவர்கள் 2 லட்சத்திலிருந்து 3.5 லட்சம் வரை என்று கணக்கிடுகிறார்கள். கணக்கில் இவ்வளவு வித்தியாசம் இருப்பதே அரசியல்தான்.

இந்த நாட்களைப் பற்றி ஃபுல்வியோ தொமித்ஸா 1960இல் எழுதிய 'மதெராதா' என்ற நாவல் இருக்கிறது. மதெராதா அவர் பிறந்த ஊர். அதே 'பி' மண்டலம். நாவலில் பெரிய சரித்திரம் எதுவும் மேடையேறுவதில்லை. சித்தப்பன் ஒருவன் நிலத்தைப் பிரித்துக் கொடுக்க மறுக்கிறான். அதில் தொடங்கி ஒரு குடும்பம், பிறகு ஊர், கிளம்பிப் போகிறது. கதை சொல்பவன் பெயர் பிரான்ச்செஸ்கோ. குடும்பப் பெயர் கோஸ்லோவிச். முன்பாதி இத்தாலியம், பின்பாதி ஸ்லாவியம். அவனை எந்தப் பட்டியலில் சேர்ப்பது? போகிறவர்கள் கடைசியில் கல்லறைக்குப் போய்ச் செத்தவர்களிடம் விடைபெறுகிறார்கள். 'கைவிட்டார்கள்' என்ற வினைச்சொல்லை இதை வாசித்த ஒருவரால் அத்தனை லேசாகப் பிரயோகிக்க முடியாது.

வங்கியில் உரிமை கோரப்படாத கணக்கு என்று ஒரு தலைப்பு உண்டு. உரியவன் இல்லை என்று அதற்கு அர்த்தமல்ல. வரவில்லை என்று மட்டுமே அர்த்தம். குரோஷ்ன்யான் வீடுகள் பத்து வருஷம் அந்தத் தலைப்பில் கிடந்தன. மழையில் ஓடு சரிந்தது, உத்தரம் இற்றது. அதன்பிறகு வந்த கலைஞர்களைக் குற்றவாளிகளாக்குவது என் நோக்கமல்ல. அவர்கள் வந்திராவிட்டால் இன்று கல்குவியல் மட்டும் இருந்திருக்கும். அண்டை ஊர்களில் அப்படிக் கிடப்பவை உண்டு. நான் ஆட்சேபிப்பது பிறகு உண்டான புராணத்தை - வெறுமையிலிருந்து படைப்பு என்ற புராணத்தை. நமது நவீனத்துவத்துக்கும் வெறுமை என்ற சொல் மீது தீராத மோகம். ஏதோ அது தத்துவக் கடையில் கிடைக்கும் சரக்கு என்பதுபோல். குரோஷ்ன்யானின் வெறுமைக்குத் தேதி இருக்கிறது, உடன்படிக்கை இருக்கிறது, லாரி வாடகை இருந்திருக்கும்.

எல்லோரும் போய்விடவும் இல்லை. 2001 கணக்கெடுப்பில் இந்தச் சிறிய நகராட்சியில் பாதிக்குச் சற்று மேற்பட்டவர்கள் தங்களை இத்தாலியர் என்று பதிவு செய்தார்கள். 2011இல் மொத்தம் 736 பேர். இத்தாலியர் என்றவர்கள் ஏறத்தாழ 39 சதவீதம். பத்து வருஷத்தில் அத்தனை பேர் செத்தோ வெளியேறியோ போய்விட்டார்களா, அல்லது கேள்விக்குத் தங்கள் பதிலை மாற்றிக்கொண்டார்களா? கோஸ்லோவிச் போன்ற பெயர் உள்ளவர்களுக்கு இரண்டாவது சாத்தியமானதே.

வீடுகளுக்கான பணம் வேறு தனிக் கதை. எல்லையை 1975இல் ஓஸிமோ ஒப்பந்தம் முடித்துவைத்தது. 'பி' மண்டலத்தில் விட்டுச் சென்ற சொத்துகளுக்கு 11 கோடி டாலர் தருவதாக 1983இல் ரோமில் யூகோஸ்லாவியா ஒப்புக்கொண்டது. தவணை சில கட்டியது. அதற்குள் யூகோஸ்லாவியாவே இல்லாமல் போயிற்று. மீதிக் கடனை ஸ்லொவேனியாவும் குரோஷியாவும் பங்கிட்டுக்கொண்டன. ஸ்லொவேனியா தன் பங்கை லக்ஸம்பர்க்கில் ஒரு வங்கிக் கணக்கில் கட்டியது. கட்டி முடித்த பிறகும் இத்தாலி அதை எடுக்க முன்வரவில்லை. எடுத்தால் வீடுகளின் மீதான உரிமையை விட்டுக்கொடுத்ததாக ஆகிவிடும் என்று போனவர்களின் சங்கங்கள் ஆட்சேபித்தன.