ஓதுவ திருமலாம்பா

இலக்கியத்தில் இடம்பெற்ற மிக நீளமான சொல் என்று கின்னஸ் புத்தகம் குறித்து வைத்திருப்பது ஒரு சமஸ்கிருதக் கூட்டுச்சொல்லை. தேவநாகரியில் 195 எழுத்து. அந்த ஒற்றைச் சொல் வர்ணிப்பது நம் காஞ்சிபுரத்தைச் சுற்றியுள்ள நிலத்தை. ஈப்போவில் எங்கள் வாசிப்புக் கூட்டத்தில் இதைச் சொல்லி, எழுதியவர் பெயர் திருமலாம்பா என்றதும் ஒரு தம்பி கேட்டான்: "அந்தக் காலத்துலயா? பொம்பளையா?"

அந்தக் காலத்தில்தான். விஜயநகரத்தை அச்சுததேவராயர் ஆண்டது 1529 முதல் 1542 வரை. இங்கிலாந்தில் எட்டாம் ஹென்றி அரியணையில் இருந்த அதே வருடங்கள். அச்சுதருக்கும் வரதாம்பிகைக்கும் நடந்த கல்யாணத்தைத்தான் திருமலாம்பா 'வரதாம்பிகா பரிணய சம்பு' என்று எழுதினார். சம்பு என்றால் உரைநடையும் செய்யுளும் கலந்து வரும் காவியம்.

இவரை அச்சுதரின் ராணிகளில் ஒருவர் என்பார்கள் சிலர். அரண்மனையில் நூல் வாசித்துக் காட்டியவர் என்பார்கள் வேறு சிலர். ஹம்பி விட்டலர் கோயிலில் 1533ஆம் ஆண்டு அரசர் கொடுத்த தானத்தைப் பாடும் சமஸ்கிருதச் செய்யுள் ஒன்று கல்லில் இருக்கிறது. அதை இயற்றியவர் 'ஓதுவ திருமலம்மா'. இருவரும் ஒருவரே என்பது பலரின் கருத்து. கன்னடத்தில் ஓதுவ என்றால் படிக்கிற. நம் ஓதுவார் என்ற சொல்லுக்குப் பக்கத்து வீடு. ராணி என்ற பட்டத்தைவிட எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது. புருஷனால் வராமல் படிப்பால் வந்த அடைமொழி.

இதே காலத்து இங்கிலாந்தில் லேடி ஜேன் கிரே என்றொரு பெண். பெற்றோரும் மற்றவர்களும் வேட்டைக்குப் போயிருந்த நேரத்தில், வீட்டில் தனியாக உட்கார்ந்து பிளேட்டோவைக் கிரேக்கத்திலேயே வாசித்துக்கொண்டிருந்ததை ரோஜர் ஆஷம் என்ற அறிஞர் பதிவு செய்திருக்கிறார். பெற்றோரின் கண்டிப்பிலிருந்து தப்பிக்க அவளுக்கு இருந்த ஒரே இடம் பாடம்தான். 1553இல் பெரியவர்கள் அவளை ராணியாக்கினார்கள். ஒன்பதே நாள். அடுத்த பிப்ரவரியில் தலை வெட்டப்பட்டது. முதல் நாள் இரவு தன் கிரேக்க விவிலியத்தில் தங்கைக்கு ஒரு கடிதம் எழுதி வைத்தாள்.

திருமலாம்பாவின் காவியம், குழந்தை வேங்கடாத்ரிக்கு இளவரசுப் பட்டம் கட்டும் மங்கலத்தோடு முடிகிறது. சரித்திரம் அங்கே முடியவில்லை. 1542இல் அச்சுதர் இறந்தார். அந்தப் பிள்ளையை அதன் தாய்மாமனே கொன்றான். 1565 போருக்குப் பிறகு நகரமும் சூறையாடப்பட்டது. படிப்பு யாரையும் காப்பாற்றவில்லை. ஆனால் ஏடு தஞ்சாவூர் அரண்மனை நூலகத்தில் பிழைத்துக் கிடந்தது. லட்சுமண் சரூப் அதைக் கண்டெடுத்துப் பதிப்பித்தார்.

இதை வாசிக்கும்போதெல்லாம் எனக்கு என் பாட்டி நினைவு வருகிறது. சுங்கை சிப்புட் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தவர். பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால் தோட்டத்தில் பள்ளி நடத்தியாக வேண்டும் என்று 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டமே சொன்னது. பள்ளியும் இருந்தது. ஆனால் அம்மா பால் வெட்டப் போனால் தம்பியைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டுமே? சம்பள நாளில் பாட்டி கடைசிவரை கைநாட்டுத்தான். அதே பாட்டி நல்லதங்காள் கதையை விடிய விடியச் சொல்வார். ஏழாவது பிள்ளை கிணற்றடிக்கு வரும்போது லயமே அழும். இன்று அந்த லயமும் இல்லை, பால்மரமும் இல்லை, எல்லாம் செம்பனை.

திருமலாம்பாவுக்குப் பாட்டியைவிடத் திறமை அதிகம் என்று நான் நம்பவில்லை. அவருக்கு ஏடு இருந்தது, நேரம் இருந்தது, பிள்ளையைத் தூக்கி வைத்துக்கொள்ள வேறொருத்தி இருந்தாள். அந்த வேறொருத்தியின் பெயர் காவியத்தில் இருக்காது. அரண்மனைப் பெண்கள் எழுதியதைக் கொண்டாடும்போது இதையும் சேர்த்தே யோசிக்க வேண்டியிருக்கிறது.

அதனால் அடுத்த கூட்டத்துக்கு ஒரு வேலை கொடுத்திருக்கிறேன். ஆளுக்கொரு கிழவியிடம் போய் ஒரு கதையையோ தாலாட்டையோ கைப்பேசியில் பதிந்து வாருங்கள். 'ஒரு மூதாட்டி சொன்னது' என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். அவர் சம்மதித்தால் முழுப்பெயர், தோட்டத்தின் பெயர், தேதி மூன்றும் வேண்டும்.