பெரிய வெள்ளியும் ஓர் ஐரிஷ் ஓவியரும்

அயர்லாந்தின் நாட்டுப்புறங்களிற் பெரிய வெள்ளியன்று ஆணி அறைதல் ஆகாது. மரவேலை செய்தல் ஆகாது. விலங்கின் இரத்தம் சிந்துதலும் ஆகாது. சிலுவையையும் ஆணியையும் நினைந்து எழுந்த விலக்குகள் இவை. ஆயினும், அன்று ஒரு பிடி விதையை மண்ணில் இடுதல் நன்றென உழவர் கருதினர். தேவாலயங்களிலோ சுரூபங்கள் ஊதாத் துணியால் மூடப்பட்டிருக்கும். இத்தகைய சூழலில் வளர்ந்த ரொனி ஓ'மாலி என்னும் ஓவியர், 1960களின் தொடக்கம் முதல் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள், பெரிய வெள்ளிதோறும் ஓர் ஓவியத்தைப் படைத்துவந்தார். அவற்றுட் சில, மரப்பலகையைக் கருவியாற் கீறி ஆக்கப்பட்டவை. மரத்தைத் தொடலாகாது என்ற நாளில் மரத்தைக் கீறிய இச்செயலை வழிபாடென்பதா, வழக்கத்தை மீறியதென்பதா?

ஓ'மாலி 1913 ஆம் ஆண்டு கில்கெனி மாவட்டத்துக் கல்லன் என்னும் சிற்றூரிற் பிறந்தவர். தாய்வழி அவ்வூர், தந்தைவழி மேற்குக் கடலிலுள்ள கிளெயர்த் தீவு. ஓவியக் கல்லூரி எதிலும் பயின்றவரல்லர். வங்கி எழுதுவினைஞராகச் சிற்றூர் பலவற்றிற் பணியாற்றினார். 1940களிற் காசநோய் பீடித்து, நெடுநாள் மருத்துவமனையிற் கிடந்த காலத்திலேதான் தூரிகையை உண்மையில் கையிலெடுத்தார். உடல்நலக் குறைவால் 1958 இல் வங்கியை விட்டு நீங்கி, 1960 இல் இங்கிலாந்தின் தென்மேற்கு முனையான கோர்ன்வாலிற் குடியேறினார். அங்கே சென்ற் ஐவ்ஸ் கடற்கரையில் நவீன ஓவியர் குழுவொன்று செழித்திருந்தது. அவர்களுள் ஒருவரான பீற்றர் லான்யன் அவருக்கு நண்பரானார். 1964 இல் மிதவை விமான விபத்தில் லான்யன் இறந்தமை ஓ'மாலியை வெகுவாகத் தாக்கியது.

இதனாலேயே பலர் அவரைச் சென்ற் ஐவ்ஸ் மரபினராகவே எண்ணுவர். அது பாதி உண்மையே. நிலத்தை அருவ வடிவங்களாகக் காணும் துணிவை அவர் அங்கே பெற்றிருக்கலாம். ஆனால், அவருடைய கோடு வேறிடத்திலிருந்து வந்தது. கல்லன் பகுதியில், 16 ஆம் நூற்றாண்டின் முற்பாதியில், ஓ'ரன்னி என்னும் கற்சிற்பிகளின் குடும்பம் வாழ்ந்தது. பட்லர் போன்ற பிரபுக் குடும்பங்களுக்காக அவர்கள் செதுக்கிய கல்லறைகளை ஜெர்பொயின்ற், கில்கூலி மடங்களில் இன்றும் காணலாம். கல்லறைப் பக்கங்களிலே திருத்தூதர் வரிசையாக நிற்பர். உருவங்கள் தட்டையானவை, ஆடையின் மடிப்புகளோ வெறும் வெட்டுக் கோடுகள். அப்பகுதிக் கல்லறைகளிற் சிலவற்றில் திருப்பாடுகளின் கருவிகளான ஆணி, சுத்தியல், ஏணி முதலியவையும் பொறிக்கப்பட்டுள்ளன. சமைக்கும் பானையிலிருந்து உயிர்த்தெழுந்து கூவிய சேவலின் உருவமும் உண்டு. அது விவிலியத்தில் இல்லாத நாட்டார் கதை.

ஓ'மாலியின் பெரிய வெள்ளி ஓவியங்களை இக்கற்களின் அருகில் வைத்து நோக்குமிடத்து உறவு தெளிவாகின்றது. கிறிஸ்துவின் திருவுருவத்தை அவற்றிற் காண்பதரிது. மங்கிய சாம்பல், மண்நிறம், கருமை. அவற்றின்மேல் உளிவடுப்போன்ற கீறல்கள். கல்லில் வெட்டியவன் கையசைவே பலகையிலும் தொடர்கின்றது. எனவே மரத்தைக் கீறியமை வழக்கத்தை மீறியதாகாது; பழைய கைவினைஞர் மரபொன்றுக்கு அவர் திரும்பினார் என்பதே பொருத்தமாகும்.

இச்சடங்கு நிலத்தோடு ஒட்டியதற்கு வரலாற்றுக் காரணமும் உண்டு. ஜெர்பொயின்ற் மடம் 1540 இல் எட்டாம் ஹென்றியின் ஆணையாற் கலைக்கப்பட்டது. ஓ'ரன்னிகளின் உளி ஒலித்த தலைமுறையிலேயே அவர்கள் கல்வேலை செய்த மடங்கள் பாழாயின. பின்னர் வந்த தண்டனைச் சட்டங்களின் காலத்திற் கத்தோலிக்கர் வெளிப்பாறைகளையே பீடமாகக் கொண்டு திருப்பலி கண்டனர். கோவிலை இழந்த சமயம் வயலிலும் வேலியிலும் குடியேறியது. ஓ'மாலிக்கு நிலக்காட்சியும் திருப்பாடும் வேறுவேறாகத் தோன்றாமைக்கு இதனை நினைவிற் கொள்ளல் தகும்.

1973 இல் கனடிய ஓவியரான ஜேன் ஹரிஸை மணந்தபின், அவருடைய குடும்பத்தார் வாழ்ந்த பகாமஸ் தீவுகளுக்குச் சென்றுவரலானார். கடும் வெயிலின் வண்ணங்கள் அவருடைய ஓவியங்களிற் புகுந்தன. பெரிய வெள்ளி வழக்கம் மாத்திரம் நிற்கவில்லை. 1990 இல் இருவரும் கல்லனுக்கு அண்மையிலுள்ள பிசிசியன்ஸ்ரவுண் என்னுமிடத்துக்கு மீண்டனர். 1993 இல், அயர்லாந்துக் கலைஞர் பேரவையான எஸ்டானா அளிக்கும் உயர்ந்த மதிப்பான 'சீ' என்னும் பட்டம் அவருக்குக் கிடைத்தது.

அவர் திரும்பி வந்த அயர்லாந்தோ அவர் விட்டுச்சென்ற அயர்லாந்து அன்று. 1990களிலே திருச்சபை மீதான நம்பிக்கை குருமாரின் குற்றங்கள் வெளிப்பட்டமையாற் பெரிதும் ஆட்டங்கண்டது. தேவாலயம் செல்வோர் தொகையும் குறைந்தது. இக்காலத்திலும் முதுமையுற்ற ஓவியர் அந்த ஒரு நாளைத் தமக்கெனக் காத்துக்கொண்டார். அவர் 2003 இல் மறைந்தார். பெரிய வெள்ளியன்று மதுச்சாலைகளை மூடவேண்டுமென 1927 இல் இயற்றப்பட்ட சட்டம் 2018 இல் நீக்கப்பட்டது. அவ்வாண்டு மார்ச் 30 ஆந் திகதி, தொண்ணூறு ஆண்டுகளுக்குப் பின், அந்நாளில் அவை திறந்திருந்தன.